ஒரு வாய்க்கு இரண்டு இழை

நெற்குப்பை
ஆடி 11

பேத்தி விசாலிக்கு அப்பத்தா மீனாள் எழுதுகிறேன்.

எனக்கு உடம்புக்கு ஒன்றுமில்லை. முழங்கால் மட்டும் என்னைவிட நாலு வயது மூத்தது மாதிரி நடந்துகொள்கிறது. நீயும் மாப்பிள்ளை நாராயணும் எப்படி இருக்கிறீர்கள்? போனில் கேட்டால் என் காதில் கொசு பாடுகிற சத்தம்தான் விழுகிறது. அதோடு, போனில் சொன்னதை மறுநாள் இல்லையென்று சொல்லிவிடுகிறீர்கள். தாளில் எழுதினால் அது முடியாது. ஐந்தாம் வகுப்போடு என்னை நிறுத்திவிட்டார்கள். நின்றது பள்ளிக்கூடம்தான், என் கையெழுத்து இல்லை.

பாங்கு வேலையை விட்டுவிட்டு அப்படி என்னதான் செய்கிறாய், காட்டு என்று நான்தான் கேட்டேன். பென்டிரைவ் வந்தது. சமையலுக்கு வருகிற பாண்டீஸ்வரி அதை டிவியில் சொருகினாள். பதினொரு நிமிஷம் பார்த்தோம். ஏசி மெஷினின் குழாயிலிருந்து ஒரு பிளாஸ்டிக் வாளியில் தண்ணீர் சொட்டுகிறது. சொட்டிக்கொண்டே இருக்கிறது. வாளி நிறைந்ததும் வழிகிறது. முடிந்தது.

பாண்டீஸ்வரி கேட்டாள்: "ஆச்சி, ஆளு எப்ப வருவாக?"

"ஆளே கெடையாதாம்டி, தண்ணிதான் படமாம்" என்றேன்.

"அதுக்கு நம்ம கொல்லைக் குழாயத் தொறந்துவிட்டு நாலு நாற்காலி போட்டு உக்காரலாமே" என்றாள்.

இதற்குப் பதில் உனக்குத் தெரிந்தால் எழுது. நீர், காற்று, மண், நெருப்பு என்று நாலு படம் எடுக்கப்போவதாகச் சொன்னாயாம். உனக்குக் கல்யாணமாகி ஆறு வருஷம். அதில் ஒரு நல்ல சேதி இல்லை, நாலு படம் வரப்போகிறது.

சாப்பாட்டை நேரத்துக்குச் சாப்பிடு. மாப்பிள்ளைக்கு என் ஆசீர்வாதம்.

மீனாள்

---

சென்னை
19 ஆகஸ்ட்

அன்புள்ள அப்பத்தா,

உங்கள் முழங்காலுக்கும் உங்களுக்கும் வணக்கம். நாங்கள் இருவரும் நன்றாக இருக்கிறோம். நாராயணுக்கு ஒரு வாரம் சளி பிடித்திருந்தது, இப்போது இல்லை.

படம் பிடிக்கவில்லை என்று எழுதியிருக்கிறீர்கள். பிடிக்கவில்லை என்று எழுத முழுதாகப் பார்த்திருக்கிறீர்களே, அதுவே போதும். என் அப்பா கோலாலம்பூரில் இரண்டு நிமிஷம் பார்த்துவிட்டு 'நைஸ்' என்று அனுப்பினார்.

கதை சொல்லும் படம் இல்லை அப்பத்தா. ஒரு பொருளை நாம் வழக்கமாகப் பார்க்கிறதைவிடக் கொஞ்சம் அதிக நேரம் பார்ப்பது, அவ்வளவுதான். கேரளத்தில் ஒரு விழாவில் அதையும் காற்றுப் படத்தையும் திரையிட்டார்கள். பார்த்தவர்கள் முடிவில் கைதட்டினார்கள்.

காற்றுப் படத்தை இதோடு அனுப்புகிறேன். பாண்டீஸ்வரி அக்காவை விசாரித்ததாகச் சொல்லுங்கள். மருந்தை மறக்காதீர்கள்.

விசாலி

---

நெற்குப்பை
புரட்டாசி 6

விசாலிக்கு,

உடம்பு நேற்று இருந்த மாதிரியே இன்றைக்கும் இருக்கிறது. இந்த வயதில் அதுவே பெரிய காரியம். மாப்பிள்ளைக்குச் சளி திரும்பினால் சுக்குத் தட்டிப் போடு, மாத்திரையை நம்பாதே.

காற்றுப் படம் பார்த்தேன். மாடிக் கொடியில் ஒரு துண்டு ஆடுகிறது. பக்கத்துக் கேபிள் ஒயரில் ஒரு கவர் மாட்டிக்கொண்டு படபடவென்று அடிக்கிறது. துண்டைப் பார், கவரைப் பார், மறுபடி துண்டு. கடைசிவரை அந்தத் துண்டை யாரும் எடுத்து மடிக்கவில்லை. வெயிலில் நரைத்துப் போகும்வரை துணியைக் கொடியில் விடுகிற பெண் என்று படம் எடுத்து ஊருக்குக் காட்டியிருக்கிறாய். கைதட்டினார்களாம். அவர்கள் வீட்டில் கொடி கிடையாது போலிருக்கிறது.

நான் எழுத வந்தது வேறு. போன வாரம் காரைக்குடியில் ஒரு கல்யாணம். உன் மாமியார் சிகப்பி ஆச்சி பந்தியில் எனக்கு எதிரே உட்கார்ந்திருந்தாள். நாலு பேர் காதில் விழுகிற மாதிரி, "எங்க மருமக இப்ப தண்ணியப் படம் புடிக்கிறா, காத்தப் படம் புடிக்கிறா. புடிக்க வேண்டியதத்தான் புடிக்கல" என்று சொல்லிவிட்டு, என் பக்கம் திரும்பி, "இன்னும் ரெண்டு பணியாரம் வைக்கச் சொல்லட்டுமா ஆச்சி? நல்லாச் சாப்பிடுங்க" என்று சிரித்தாள்.

நான் சாப்பிட்டேன். எழுந்து போனால் அவளுக்குச் சந்தோஷம். ஆனால் அந்தப் பணியாரம் இன்னும் தொண்டையில்தான் நிற்கிறது. அவளுக்கு நான் ஒரு பதில் சொல்ல வேண்டும் விசாலி. அந்தப் பதில் உன்னிடம்தான் இருக்கிறது. டாக்டரிடம் போனீர்களா? யார் டாக்டர்? என்ன சொன்னார்? போன கடிதத்தில் இதற்கு ஒரு வரி எழுதவில்லை. இதில் எழுது.

ஆசீர்வாதம்.

மீனாள்

---

சென்னை
14 அக்டோபர்

அன்புள்ள அப்பத்தா,

நலமாக இருக்கிறோம். நீங்களும் அப்படியே இருக்க வேண்டும். இங்கே மழை வருகிற மாதிரி இருட்டிவிட்டுக் கலைந்துபோகிறது.

துண்டை எடுத்து மடித்துவிட்டேன்.

மண் படத்தை அனுப்புகிறேன். இதில் கொஞ்சம் தூசி அதிகம்.

விசாலி

---

நெற்குப்பை
ஐப்பசி 9

விசாலிக்கு,

நான் நலம். கோபமாக இருப்பதால் இன்னும் நலம்.

கேட்டது ஒன்று, நீ எழுதியது துண்டைப் பற்றி. சரி.

மண் படம் பார்த்தேன். வறண்ட கண்மாய். வெடிப்பு விட்ட தரை. ஒரு வெடிப்பில் எறும்பு இறங்குகிறது, அடுத்த வெடிப்பில் ஏறுகிறது. பாண்டீஸ்வரி பாதியில் தூங்கிவிட்டாள். நான் தூங்கவில்லை. ஒன்பதாவது நிமிஷத்தில் கேமராவை நிமிர்த்தினாய். தூரத்தில் இரண்டு கோபுரம், ஒன்று பெரிசு, ஒன்று சின்னது. அது காளையார்கோவில். அந்தக் கோபுரத்தை எனக்குத் தெரியாது என்று நினைத்தாயா? நாற்பது வருஷம் என் வீட்டுக்காரர் உன் ஐயாவோடு வருஷம் தவறாமல் போய்க் கும்பிட்ட கோபுரம்.

சென்னையிலிருந்து காளையார்கோவில் வரை வந்திருக்கிறாய். எறும்பைப் பார்க்க வந்திருக்கிறாய். அங்கிருந்து நெற்குப்பைக்கு ஒரு மணி நேரம். அப்பத்தாவைப் பார்க்க வரவில்லை. எறும்பு உன்னிடம் ஒன்றும் கேட்காது, நான் கேட்பேன். அதுதானே?

வரும் மார்கழியில் பிள்ளையார் நோன்புக்கு இரண்டு பேரும் இங்கே வர வேண்டும். மாவில் திரி வைத்து ஏற்றி, எரிகிறபடியே வாயில் வாங்குகிற இழையை இந்த வீட்டில் மூத்தவள் நான்தான் எடுத்துக் கொடுக்க வேண்டும். சென்னைப் பிளாட்டில் புகை மணி அடிக்கும் என்று பயந்து பயந்து எடுக்கிற இழையெல்லாம் இழையா? நெருப்புப் படம் எடுக்க வேண்டுமென்றால் இங்கே வந்து எடு. ஒரே நிபந்தனை, நான் கேட்டதற்குப் பதில் சொல்ல வேண்டும்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

மீனாள்

---

சென்னை
16 ஜனவரி

அன்புள்ள அப்பத்தா,

உங்களுக்குப் பொங்கல் வணக்கம். கடிதம் எழுத இத்தனை நாள் ஆகிவிட்டது, மன்னிக்க வேண்டும். நடுவில் எழுதி எழுதிக் கிழித்தேன்.

நோன்புக்கு வர முடியவில்லை. அத்தையும் காரைக்குடியில் இருந்துவிட்டார்கள். எனக்கும் நாராயணுக்குமாக இரண்டு இழை செய்து இங்கேயே எடுத்தோம். நாராயண் எடுத்துக் கொடுத்தார். மணி ஒன்றும் அடிக்கவில்லை.

அதைத்தான் நெருப்புப் படமாக வைத்திருக்கிறேன். நாலு நிமிஷம்தான். இதுதான் கடைசி. பார்த்துவிட்டு என்ன திட்டுவதானாலும் திட்டுங்கள்.

முழங்காலுக்கு எண்ணெய் போடுங்கள்.

விசாலி

---

நெற்குப்பை
தை 12

என் ஆத்தா விசாலிக்கு,

நீ, மாப்பிள்ளை, மூன்றாவது ஆள், எல்லோரும் சுகமா? எனக்கு முழங்கால் இருக்கிறதே மறந்துபோயிற்று.

வாயால் சொல்ல வெட்கப்பட்டுக்கொண்டு படம் பிடித்து அனுப்பியிருக்கிறாய். கள்ளி. மாப்பிள்ளையின் கை மட்டும் தெரிகிறது. இழையை எடுத்து நீட்டுகிறது. நீ நெருப்போடு வாங்கி வாயை மூடுகிறாய். படம் மங்கலாக இருந்தது. சரி, ஏதோ கோளாறு என்று நினைத்தேன். உடனே அதே கை இரண்டாவது இழையை நீட்டுகிறது. அதையும் நீயே வாங்கினாய். இது கண்ணாடி மாதிரித் தெளிவாக இருந்தது.

பாண்டீஸ்வரி, "என்ன ஆச்சி, ரெண்டு தரம் எடுக்குது?" என்றாள்.

"நீங்க வேற ஆளுக, ஒனக்குத் தெரியாதுடி. வயித்துல புள்ள இருக்கவ, அதுக்கும் சேத்து ரெண்டாவது இழை எடுப்பா. எங்க வழக்கம்" என்றேன். அவள் கை கழுவாமல் ஓடிவந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். மாவுக் கை. நானும் பிடித்துக்கொண்டேன்.

நீர், காற்று, மண் மூன்றும் குப்பை. இது படம்.

கோவிலில் சொல்லிவிட்டேன். மறுநாளே கார் வைத்துக்கொண்டு காரைக்குடி போனேன். உன் மாமியார் வீட்டு வாசலில் நின்று கற்கண்டுத் தட்டை நீட்டி, "ஒங்க மருமக புடிக்க வேண்டியதப் புடிச்சுட்டா, வாயத் தொறங்க ஆச்சி" என்று சொல்லி என் கையால் அவள் வாயில் கற்கண்டைப் போட்டேன். அவள் முகத்தை நீ படம் எடுத்திருக்க வேண்டும். அதற்கு நான் கைதட்டுவேன்.

மாடி ஏறாதே. கனத்தைத் தூக்காதே. கேமராவும் கனம்தான்.

உன் அப்பத்தா மீனாள்

---

காரைக்குடி
தை 16

சம்பந்தி மீனாள் ஆச்சி அவர்களுக்குச் சிகப்பி வணக்கம்.

நாங்கள் சௌக்கியம். தங்கள் சௌக்கியத்துக்கு எழுதவும்.

தாங்கள் சொன்னால் சொன்னதுதான் என்று ஊருக்கே தெரியும். ஆகையால் பிள்ளைகளைப் போனில் கேட்டுக்கொண்டிராமல் பெட்டி கட்டிவிட்டேன். லேகியம், நெய், பழைய வேட்டிகள் எல்லாம் எடுத்துக்கொண்டு சனிக்கிழமை சென்னை போகிறேன். பிரசவம் வரைக்கும் அங்கேதான். இனிமேல் தண்ணீரிலும் நெருப்பிலும் அவள் நிற்காமல் நான் பார்த்துக்கொள்வேன். அந்தக் கேமரா விஷயத்தை என்னிடம் விட்டுவிடவும்.

சிகப்பி

---

சென்னை
11 பிப்ரவரி

அப்பத்தா,

நீங்கள் நன்றாக இருக்கிறீர்கள் என்று உங்கள் கடிதத்தைப் பார்த்தாலே தெரிகிறது. அதனால்தான் இதை எழுதுவது கஷ்டமாக இருக்கிறது.

நான் கர்ப்பமாக இல்லை. முதல் இழை எடுத்தபோது போகஸ் தவறிவிட்டது. படம் மங்கிப்போனதைத் திரையில் பார்த்து நான் அழுகிற மாதிரி ஆகிவிட்டேன். நாராயண் தன் இழையை எனக்குக் கொடுத்தார். இந்த வருஷம் அவர் இழை எடுக்கவில்லை. இரண்டாவது இழை வாய்க்குள் போன பிறகுதான் அது யாருக்கு உரியது என்று எனக்கு ஞாபகம் வந்தது. அந்த நிமிஷத்து முகம் அதில் இருக்கிறது. வெட்டி எடுக்க மனது வரவில்லை. இரண்டையும் வைத்தேன்.

மூன்று வருஷம் டாக்டரிடம் போனோம் அப்பத்தா. ஊசி, மாத்திரை எல்லாம் பார்த்தாயிற்று. போன சித்திரையில் இருவருமாகப் பேசி நிறுத்திவிட்டோம். அதற்கடுத்த வாரம் வீட்டில் சும்மா உட்கார்ந்திருந்தபோது அந்த வாளியில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. படம் எடுக்க ஆரம்பித்தது அப்படித்தான்.

அத்தை வந்து பத்து நாள் ஆகிறது. கேமராவை அலமாரியில் வைத்துப் பூட்டிச் சாவியை இடுப்பில் சொருகியிருக்கிறார்கள். மார்ச் மாதம் நாலு படத்தையும் ஒன்றாகக் காட்டக் கேட்டிருக்கிறார்கள். அதற்கு இன்னும் வேலை இருக்கிறது. நாராயண் வாயைத் திறந்தால், "ஆம்பளைக்கு இதுல என்னப்பா தெரியும்" என்கிறார்கள். முந்தாநாள் நானே உண்மையைச் சொன்னேன். "கேமராவத் தூக்கிக்கிட்டுத் திரியணும்னு என்ன பொய்யெல்லாம் சொல்றே? மீனாள் ஆச்சி சொன்னா சொன்னதுதான். அவுக வாயால இல்லன்னு சொல்லட்டும், நான் அன்னைக்கே வண்டி ஏறுறேன்" என்கிறார்கள். டாக்டர் சீட்டைக் காட்டினால் புதிய டாக்டரிடம் கூட்டிப் போவார்கள். மறுபடி ஊசி. என்னால் முடியாது.

நீங்கள் சொன்னதை நீங்கள்தான் திரும்ப வாங்க முடியும் அப்பத்தா. இந்த ஒன்றைச் செய்யுங்கள்.

விசாலி

---

நெற்குப்பை
மாசி 8

விசாலிக்கு,

இருக்கிறேன்.

படத்துக்காக ஒரு வாயில் இரண்டு இழை. அதுவும் புருஷனைப் பட்டினி போட்டுவிட்டு. பிள்ளையாரிடம் ஒன்ஸ் மோர் கேட்ட முதல் ஆள் நீதான். உன் ஐயா இருந்திருந்தால் உன் கேமராவை ஊரணியில் போட்டிருப்பார். நீர்ப் படம் தானாக வந்திருக்கும்.

என்னைத் திரும்பப் போய்ச் சொல்லச் சொல்கிறாய். நான் வாக்கப்பட்டு வந்து அறுபது வருஷத்தில் இந்த ஊரில் ஒரு சொல்லைத் திருப்பி வாங்கியது கிடையாது. அதுவும் அவளிடம். கற்கண்டு போட்ட கையால் எப்படி எழுதுவேன்? கல்யாணப் பந்தி ஒவ்வொன்றிலும் அவள் அதைச் சொல்லிச் சொல்லிப் பணியாரம் வைப்பாள்.

இதற்கு வேறு வழி இருக்கிறது. கலைந்துவிட்டது என்று சொல்லிவிடு. இரண்டு நாள் படுத்துக்கொள். அவள் அழுதுவிட்டு ஊருக்குப் போய்விடுவாள். யாருக்கும் கௌரவக் குறைச்சல் இல்லை.

நன்றாகச் சாப்பிடு.

மீனாள்

---

சென்னை
26 பிப்ரவரி

அப்பத்தா,

உங்கள் உடம்புக்கு ஒன்றும் வரக் கூடாது.

அது உண்மையாகவே நடந்திருக்கிறது. இரண்டு வருஷத்துக்கு முன்னால், மூன்றாவது மாதத்தில். நாராயணுக்கும் எனக்கும் மட்டும்தான் தெரியும். அந்த வருஷ நோன்புக்கு நான் இரண்டு இழை எடுத்திருக்க வேண்டியது. நோன்பு வரைக்கும் இருக்கவில்லை.

அதை எடுத்துப் பொய்க்குப் பயன்படுத்த என்னால் ஆகாது.

விசாலி

---

நெற்குப்பை
மாசி 29

சம்பந்தி சிகப்பி ஆச்சி அவர்களுக்கு, சென்னை விலாசத்துக்கே எழுதுகிறேன்.

பட்டணத்துக் காற்று உங்களுக்கு ஒத்துக்கொண்டதா? எனக்கு இங்கே குறைவில்லை. இரண்டு நாளாகச் சாப்பாடு மட்டும் இறங்கவில்லை, அது இந்தக் கடிதத்தோடு சரியாகிவிடும்.

உங்கள் மருமகள் கர்ப்பமாக இல்லை. நான் உங்கள் வாசலில் வந்து சொன்னது தப்பு. அவள் என்னிடம் அப்படி ஒரு வார்த்தை சொல்லவில்லை. நான் டிவியில் ஒன்றைப் பார்த்தேன், நானாக ஒன்றை நினைத்தேன், பல்லக்கில் போகிற மாதிரி காரில் வந்து உங்கள் வாயில் கற்கண்டைப் போட்டேன். சொன்னது மீனாள். திரும்ப வாங்குவதும் மீனாள். கோவிலில் யார் யாரிடம் சொன்னேனோ அவர்களிடமெல்லாம் நேற்றே போய் நின்று மாற்றிச் சொல்லிவிட்டேன். யார் யாருக்குச் சிரிப்பு வந்தது என்று பார்த்தும் வைத்திருக்கிறேன். உங்களுக்கு வந்தால் தாராளமாகச் சிரியுங்கள். எந்தக் கல்யாணத்தில் வேண்டுமானாலும் சொல்லுங்கள், நான் எதிரே உட்கார்ந்து கேட்டுக்கொள்கிறேன். என்னைச் சொல்லுங்கள். அவளைச் சொன்னால் நான் அப்புறம் பந்தி என்று பார்க்க மாட்டேன்.

அவர்கள் இரண்டு பேரும் ஏன் டாக்டரிடம் போவதை நிறுத்தினார்கள் என்று எனக்குத் தெரியும். உங்களுக்குத் தெரிய வேண்டுமென்று அவளுக்குத் தோன்றினால் அவள் சொல்லுவாள். தோன்றாவிட்டால் உங்களுக்குத் தெரியாது. நானும் ஆறு வருஷமாக ஒவ்வொரு கடிதத்திலும் அவளைக் குடைந்தவள்தான். நிறுத்திவிட்டேன். என்னாலேயே முடிகிறதென்றால் உங்களால் முடியும், உங்களுக்கு என்னைவிட வயதும் கம்மி, பிடிவாதமும் கம்மி.

அவள் எடுக்கிற படம் உங்களுக்குப் பிடிக்காது. எனக்கும் பிடிக்காது. தண்ணீர் சொட்டுகிறதை மனுஷன் உட்கார்ந்து பார்ப்பானா? ஆனால் அந்த நெருப்புப் படத்தை நேற்று மறுபடி போட்டுப் பார்த்தேன். பாண்டீஸ்வரியை வெளியே அனுப்பிவிட்டுப் பார்த்தேன். முதல் தடவை நான் இழையை எண்ணிக்கொண்டிருந்தேன், அவள் முகத்தைப் பார்க்கவில்லை. இவ்வளவு தெளிவாக எடுத்திருக்கிறாள், நான் பார்க்கவில்லை.

அலமாரிச் சாவியை அவள் கையில் கொடுத்துவிட்டு, சொன்னபடி வண்டி ஏறுங்கள். அவளுக்குக் காட்ட வேண்டிய படம் இருக்கிறது, வேலை கிடக்கிறது. லேகியத்தை அங்கே விட்டு வரவேண்டாம். ரத்தத்துக்கு நல்லது, நீங்களே சாப்பிடுங்கள்.

இந்தக் கடிதத்தை உங்கள் மகனையும் மருமகளையும் எதிரே உட்காரவைத்துச் சத்தமாகப் படியுங்கள். என் எழுத்து உங்களுக்குப் புரியவில்லையென்றால் அவளைப் படிக்கச் சொல்லி நீங்கள் கேளுங்கள்.

இப்படிக்கு,
விசாலியின் அப்பத்தா
மீனாள்